பழைய பிரிட்டிஷ் படத்துல வர்ற "அந்தம்மா" யாருன்னு கண்டுபிடிக்கிறது எப்படி?

பழைய பிரிட்டிஷ் படம் பாக்குறப்ப டீ ட்ரேயோட உள்ள வந்து ரெண்டு வரி பேசிட்டுப் போற ஒரு அம்மா வருவாங்க, உடனே "இவங்கள எங்கயோ பாத்திருக்கோமே"ன்னு மண்டை குடையும். ஹீரோயின்னா ஒரு தட்டுல கிடைச்சிரும், துணை நடிகைன்னா மெனக்கெடணும்.

முதல்ல ஐஎம்டிபிங்கிற சினிமா தகவல் வெப்சைட்ல அந்தப் படத்தோட முழு காஸ்ட் லிஸ்ட்ட கடைசி வரைக்கும் பாருங்க, ஏன்னா சின்ன ரோலுக்கு அப்பல்லாம் டைட்டில்ல பேரே போடாம விட்டுருவாங்க, அதெல்லாம் 'அன்கிரெடிட்டட்'னு அடில கிடக்கும். கிடைச்சது மேடைப் பேரா இருக்கலாம், அதையும் ஞாபகம் வச்சுக்கோங்க. அங்க நடிகர் சங்கம் ஈக்விட்டி, 1930ல ஆரம்பிச்சது, ஏற்கனவே ஒருத்தர் வச்சிருக்கிற பேர்ல இன்னொருத்தர் சேர முடியாதுன்னு ரூல், அதனால பேர மாத்திக்க வேண்டி வரும்.

டிவிக்கு பிபிசி ஜீனோம்ங்கிற வெப்சைட்தான் பொக்கிஷம். 1923லருந்து 2009 வரைக்கும் ரேடியோ டைம்ஸ்ங்கிற நிகழ்ச்சிப் பத்திரிகைல வந்த நிகழ்ச்சிப் பட்டியல் அங்க இருக்கு, ஃப்ரீ, பல நாடகத்துக்கு யார் யார் நடிச்சாங்கன்னும் போட்டிருக்கும். 60, 70கள்ல பிபிசி ஏகப்பட்ட டேப்ப அழிச்சிருச்சு, அதனால சில நடிகைங்க வேலைக்கு மிச்சமிருக்கிற ஒரே தடயமே இந்த ஒரு வரிதான் (நினைச்சா வயிறு எரியுது). பிபிசிக்குப் போட்டியான தனியார் சேனல் ஐடிவில செஞ்ச வேலைய அதுல தேடி நேரத்த வீணாக்காதீங்க, 1991 வரைக்கும் ரேடியோ டைம்ஸ்ல பிபிசி மட்டும்தான், ஐடிவிக்கு டிவி டைம்ஸ்னு தனிப் பத்திரிகை.

அப்புறம் எல்லாத்தையும் வருஷவாரியா எழுதுங்க. நடுவுல ரெண்டு மூணு வருஷம் காலியா இருந்தா சும்மா இருந்தாங்கன்னு முடிவு கட்டாதீங்க, நாடக மேடைல இருந்திருப்பாங்க, அதுக்கு பழைய பேப்பர் விமர்சனம்தான் வழி.

நடிகை ஜோன் ஹிக்சன எடுத்துக்கோங்க. 1940கள்லயே மேடைல இவங்கள பாத்துட்டு துப்பறியும் கதை எழுத்தாளர் அகதா கிறிஸ்டி, ஒரு நாள் நீங்க என் கதைல துப்பறியிற பாட்டி மிஸ் மார்ப்பிளா நடிக்கணும்னு லெட்டர் போட்டாங்க. 1961ல 'மர்டர் ஷி செட்' வந்தப்ப மார்ப்பிள் மார்கரெட் ரூதர்ஃபோர்டுக்குப் போச்சு, இவங்களுக்கு அதே படத்துல வீட்டு வேலைக்கு வர்ற மிசஸ் கிடர் ரோல்! பிபிசில மார்ப்பிளா வந்தது 1984ல, அப்ப வயசு 78. அங்கருந்து மட்டும் தேடுனா முன்னாடி உள்ள ஐம்பது வருஷம் போச்சு. இன்னொரு நடிகை லிஸ் ஸ்மித் நேர் எதிர், ஐம்பது வயச நெருங்குறப்ப 1971ல டைரக்டர் மைக் லீயோட 'ப்ளீக் மொமென்ட்ஸ்'லதான் ப்ரேக்கே, அதனால இளமைக்கால படங்கள்ல தேடுறது வேஸ்ட்.

முகத்த நம்பி நான் நிறைய தடவ ஏமாந்திருக்கேன், விக், மேக்கப், வயசுன்னு எல்லாம் மாத்திரும். சந்தேகம்னா ரெண்டு சீனையும் அடுத்தடுத்து போட்டு கண்ண மூடிட்டு கேளுங்க, குரல் காட்டிக் குடுத்துரும்.