ஆத்தங்குடிப் பட்டறையிலும் ஆச்சி வீட்டிலும் ஆவணப்படம் எடுப்பது

முதல் நாள் கேமரா பையிலேயே இருக்கட்டும். செட்டிநாட்டில் கையால் வார்க்கும் தரை ஓடான ஆத்தங்குடிக் கல்லின் பட்டறை என்றால் கை வேலையின் வரிசையை மட்டும் பாருங்கள். கண்ணாடி மேல் சட்டம், அதற்குள் பூ அச்சு, அச்சின் அறைகளில் நிறக் கலவை. அச்சைத் தூக்கியதும் உலர்ந்த மணல் சிமென்ட் தூவி, அதன் மேல் ஈரச் சாந்து. நிறம் ஊற்றிக்கொண்டிருப்பவரிடம் "அண்ணே, இன்னொரு தடவை" என்று கேட்டால் கை தடுமாறி, நிறம் வழிந்து, அந்தக் கல் பாழ். அதே அசைவு நாளெல்லாம் வரும். ஒரு கல்லுக்கு மேலிருந்து, அடுத்ததற்குப் பக்கவாட்டில், மூன்றாவதற்கு முகம் என்று எடுத்தால் போதும்.

கல் கணக்கில் கூலி வாங்குபவரானால் ஒரு மணி நேரப் பேட்டி அவர் வருமானத்தில் விழும் ஓட்டை. அந்த நேரத்துக்கான கூலியை முன்பே பேசிக் கொடுங்கள். பணம் நேரத்துக்குத்தான், நாம் விரும்பும் பதிலுக்கு இல்லை என்பதையும் சொல்லிவிடுங்கள்.

செட்டிநாட்டுப் பெரிய வீடு பெரும்பாலும் பங்காளிகளுக்குப் பொது. ஓர் ஆச்சி சம்மதித்தால் அது அவர் பேச்சுக்கான சம்மதம் மட்டுமே. பூட்டிக் கிடக்கும் அறை இன்னொரு புள்ளியுடையதாக, அதாவது இன்னொரு பங்காளிக் குடும்பத்துடையதாக இருக்கும், திறக்கச் சொல்லாதீர்கள்.

ஆச்சி தரையில் உட்கார்ந்தால் கேமராவும் தரைக்கு இறங்கட்டும். பட்டாலை எனும் கூடத்தில் எதிரொலி அதிகம், ஜமுக்காளம் விரியுங்கள். காலர் மைக்கை மோவாய்க்கு ஒரு சாண் கீழே, சேலை உரசாத இடத்தில் குத்துங்கள். மின்விசிறியை நிறுத்தினால் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை போட்டுவிடுங்கள், வயதானவர் வேர்த்துப்போவார். டியூப் லைட் துடிக்காமலிருக்க விநாடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 விநாடி. உச்சிவெயிலில் வளவு எனும் உள்முற்றம் வெளுத்து முகம் இருண்டுவிடும். காலை ஒன்பதுக்குள் முடிப்பது நல்லது.

"உங்க கஷ்டத்தைச் சொல்லுங்க" என்று கேட்காதீர்கள். மனப்பாடமான பதில் வரும், அல்லது அழுகை. "இந்த ஓலைக் கொட்டான் யார் முடைஞ்சது ஆச்சி?" என்று கேளுங்கள். பதில் முடிந்ததும் பத்து விநாடி பேசாமல் இருங்கள். பாதிப் படம் அந்த இடைவெளியில்தான் கிடைக்கிறது. அழுதால், "நிறுத்திடவா ஆச்சி?" என்று கேட்டு, சொன்னபடி செய்யுங்கள்.

மிகக் கவனம் தேவைப்படுபவர் வீட்டைப் பார்த்துக்கொள்ளும் காவல்காரர். சம்பளம் போதவில்லை என்று மனம்விட்டுச் சொல்லிவிடுவார். படம் வெளியானால் வேலை போகலாம், தங்கும் இடமும் சேர்ந்து போகலாம். அதனால் சம்மதம் மூன்று முறை: தொடங்கும் முன், படப்பிடிப்பு முடிந்ததும், எடிட் ஆனபின். மூன்றாவது முறை லேப்டாப்பை அவர் தங்கும் இடத்துக்கே கொண்டுபோய், உரிமையாளர் இல்லாத வேளையில் போட்டுக் காட்டுங்கள். வேண்டாம் என்ற பகுதியை வாதாடாமல் எடுத்துவிடுங்கள். மூல ஃபைலிலும் குறித்துவையுங்கள். இல்லையென்றால் மூன்று மாதம் கழித்து டிரைலர் வெட்டுபவர் அதே இடத்தை எடுத்துப் போட்டுவிடுவார்.