போட்டதை அழிக்கச் சொல்லாதீர்கள்

"முதல்ல அந்த வீடியோவை டெலிட் பண்ணுங்க." போன வாரம் எங்கள் ஜூனியர் வக்கீல் ஒருவர் கட்சிக்காரரிடம் போனில் இப்படிச் சொன்னதும் பதறிப்போய் எழுந்து ஓடினேன். பல வருடங்களுக்கு முன் நானும் இதையே சொன்னவன்.

செய்த குற்றத்தைத் தானே படம்பிடித்துச் சமூக ஊடகத்தில் போடக்கூடாது என்பது எல்லோருக்கும் தெரியும். போட்ட பிறகு நடப்பவைதான் என் கவலை.

பதறி அழிப்பது

அன்று என்னிடம் வந்தவர், தாறுமாறாகக் கார் ஓட்டியதை வீடியோவாகப் போட்டிருந்தார். அபராதத்தோடு முடிந்திருக்கும். அழிக்கச் சொன்னேன், அழித்தார். அதற்குள் இன்னொருவர் அதைப் பதிவு செய்து வைத்திருந்தார். அப்புறம் விசாரணையில் கார் வேகத்தைப் பற்றி யாரும் அதிகம் பேசவில்லை. "தப்பில்லை என்றால் ஏன் அழித்தீர்கள்?" இதற்கு எங்களிடம் பதில் இல்லை. அந்த மௌனம் இன்னும் என்னை உறுத்துகிறது.

தடயத்தை அழிப்பது தனிக் குற்றம். இந்தியாவில் அதற்கென்று தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 238-வது பிரிவு இருக்கிறது. அமெரிக்காவில் மத்திய அரசின் விசாரணையைத் தடுக்கும் நோக்கத்தோடு ஆவணங்களை அழித்தால் 20 ஆண்டு வரை சிறை. அங்கே வர்ஜீனியா மாநிலத்தில் ஒரு நஷ்டஈட்டு வழக்கு, குற்ற வழக்குகூட அல்ல. பேஸ்புக் படங்களை நீக்கச் சொன்ன வக்கீலுக்கு 5,42,000 டாலர், நீக்கிய கட்சிக்காரருக்கு 1,80,000 டாலர் கட்ட உத்தரவு. இத்தனைக்கும் நீக்கிய படங்கள் திரும்பக் கிடைத்துவிட்டன.

சரி, என்ன செய்வது? பதிவைத் தொடாமல், தேதியும் இணைப்பும் தெரியும்படி நகல் எடுத்து வக்கீலிடம் கொடுங்கள். பாதிக்கப்பட்டவர் அதில் தெரிகிறார் என்றால் உடனே சொல்லுங்கள். நகலைப் பத்திரப்படுத்திய பின் முறைப்படி நீக்க வழி தேடலாம்.

"நண்பர்களுக்கு மட்டும்தானே"

2012-இல் நியூயார்க் மத்திய நீதிமன்றத்தில் இந்த வாதம் தோற்றது. நண்பர் பட்டியலில் இருந்த ஒருவரே அரசுத் தரப்புக்குக் காட்டிவிட்டார். பகிர்ந்த பின் அந்தரங்கம் கோர முடியாது என்றது நீதிமன்றம்.

விளக்கம் எழுதுவது

இந்தியாவில் போலீஸிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தை உங்களுக்கு எதிராக நிரூபிக்க முடியாது. சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் 23-வது பிரிவு தரும் பாதுகாப்பு அது. நீங்களாக ஊருக்கே எழுதும் "ஆமாம், ஆனால்..." பதிவுக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை.

"முகம் தெரியலையே"

குரல் தெரியும்.

நண்பரை விட்டு அழிக்கச் சொல்வது

அவரும் குற்றவாளி ஆவார்.