தளம் போட்ட முற்றத்தில் தீ மூட்டும் முன்

சிமென்ட் தளம் தீப்பிடிக்காதுதான். ஆனால் வெடிக்கும். குளிர்காய முற்றத்தில் கணப்புச் சட்டி வைத்து விறகு எரிக்கும் பலருக்கு இது தெரிவதில்லை. கான்கிரீட்டின் நுண்துளைகளில் எப்போதும் கொஞ்சம் ஈரம் தங்கியிருக்கும். சூடு ஏற ஏற அது ஆவியாகி, வெளியேற வழியில்லாமல் மேல்பூச்சைப் பெயர்த்துத் தள்ளும். பட்டென்று ஒரு சத்தம். சூடான சில்லு முகத்துக்கு நேரே பறக்கும். மழை விட்ட மறுநாள் நான் தளத்தில் தீ மூட்டவே மாட்டேன். மேலே காய்ந்திருந்தாலும் உள்ளே ஈரம் இருக்கும். அழகுக்காக ஆற்றுக் கூழாங்கற்களைச் சுற்றி அடுக்குவதும் வேண்டாம், அவையும் இப்படித்தான் வெடிக்கும்.

கால் வைத்த சட்டிதான் நல்லது. அதன் கீழே தீ தாங்கும் செங்கற்களை, சட்டியின் அகலத்தைவிடத் தாராளமாகப் பரப்புங்கள். சட்டிக்கும் செங்கலுக்கும் நடுவே காற்று புகுந்து போக வேண்டும். தீ மூட்டி அரை மணி நேரம் கழித்து, செங்கல் முடியும் ஓரத்தில் தளத்துக்குச் சற்று மேலே புறங்கையைக் காட்டிப் பாருங்கள். கை தாங்கவில்லையா? மேற்கொண்டு விறகு போடாதீர்கள்.

சுவர், வேலி எதுவானாலும் குறைந்தது 3 மீட்டர் தள்ளி இருக்கட்டும். தலைக்கு மேல் கூரையோ கிளையோ கூடாது. காற்று பலமாக வீசினால் அன்றைக்கு வேண்டாம், அவ்வளவுதான். நன்கு காய்ந்த விறகு போதும். பெயின்ட் அடித்த பலகை, பிளைவுட் எல்லாம் நச்சுப்புகை விடும். பெட்ரோல் ஊற்றிப் பற்றவைக்கவே கூடாது. அதன் ஆவி கண்ணுக்குத் தெரியாமல் பரவி, தீக்குச்சி கிழித்த கையோடு சேர்த்துப் பிடித்துக்கொள்ளும்.

அப்புறம், அணைப்பது. பக்கத்தில் ஒரு வாளித் தண்ணீர் அவசியம், அது ஆபத்துக்கு. கொதிக்கும் சட்டியில் அதை அப்படியே கவிழ்த்தால் ஆவி முகத்தில் அடிக்கும், வார்ப்பிரும்புச் சட்டியானால் விரிசல் விடும். எழுந்து போவதற்கு ஒரு மணி நேரம் முன்பே விறகு போடுவதை நிறுத்திவிடுங்கள். மிஞ்சிய தணலைப் பரப்பி, தள்ளி நின்று கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீர் தெளித்துக் கிளறுங்கள். சீறல் அடங்கும்வரை விடாதீர்கள்.

சாம்பலை நம்பக் கூடாது. உள்ளே கங்கு நாள் கணக்கில் உயிரோடு இருக்கும். மூடியுள்ள தகர டின்னில் அள்ளி, வீட்டை விட்டுத் தள்ளி வெளியிலேயே வையுங்கள். குளிருக்கு இதமாக இருக்கிறதே என்று மீதித் தணலை அறைக்குள் கொண்டுபோகாதீர்கள்: அதிலிருந்து வரும் கார்பன் மோனாக்சைடுக்கு வாசனை கிடையாது, தூக்கத்திலேயே ஆளைக் கொன்றுவிடும்.