போர் வரலாற்று நூலை வரைபடத்தோடு வாசிப்பது எப்படி? வாட்டர்லூவை வைத்து ஒரு செய்முறை

போர் வரலாற்று நூல்களைப் பாதியில் மூடி வைப்பவர்கள் பெரும்பாலும் யார் எங்கே நிற்கிறார் என்பது பிடிபடாமல்தான் மூடுகிறார்கள். நூலில் இருக்கும் வரைபடம் ஒரு முழு நாளையும் ஒரே பக்கத்தில் அடைத்திருக்கும். எந்த அம்புக்குறி காலையில் நடந்தது, எது மாலையில் நடந்தது என்று அதில் தெரியாது. எனவே வாசிக்க உட்காருமுன் நீங்களே ஒரு படம் போட்டுக்கொள்ளுங்கள். பழக 1815 ஜூன் 18 அன்று இன்றைய பெல்ஜியத்தில் நடந்த வாட்டர்லூ போர் நல்ல தொடக்கம். நெப்போலியனின் பிரெஞ்சுப் படையை வெலிங்டன் தலைமையிலான பிரிட்டிஷ் கூட்டணிப் படையும், ஜெர்மானிய நாடான பிரஷ்யாவின் படையும் சேர்ந்து தோற்கடித்த போர் அது. ஒரே நாளில் முடிந்துவிட்டது, களமும் சிறியது.

தேவையானவை: ஏ4 தாள் ஒன்று, துண்டுகள் வெட்ட இன்னொரு தாள், கத்தரிக்கோல், அடிக்கோல், பென்சில், அழிப்பான், சிவப்பு, நீலம், கருப்பு நிறப் பென்சில்கள்.

படி 1: களத்தை வரையுங்கள்

தாளை அகலவாக்கில் வையுங்கள். மேல்பக்கம் வடக்கு. 1 செ.மீ.க்கு 200 மீட்டர் என்று வைத்தால் களம் முழுவதும் தாளுக்குள் அடங்கிவிடும். நடுவில், மேல் விளிம்பிலிருந்து 8 செ.மீ. கீழே ஒரு புள்ளி வையுங்கள். அதுதான் லா ஹே சாந்த் பண்ணை. அதன் வழியாக மேலிருந்து கீழே ஒரு கோடு இழுங்கள். அது பிரஸ்ஸல்ஸ் செல்லும் நெடுஞ்சாலை. அந்தச் சாலையிலேயே சுமார் 6 செ.மீ. கீழே லா பெல் அல்லியான்ஸ் விடுதி. பண்ணையிலிருந்து 6 செ.மீ. இடப்பக்கமும் 4 செ.மீ. கீழேயும் போனால் ஹூகுமோன் பண்ணைமனை. அதே லா ஹே சாந்த் பண்ணையிலிருந்து வலப்பக்கம் 7 செ.மீ. தள்ளி பாப்லோட் பண்ணை. விடுதியிலிருந்து வலப்பக்கம் 5 செ.மீ., கீழே 3 செ.மீ. போனால் பிளான்சன்வா கிராமம். இவை தோராய அளவுகள், ஆனால் வாசிக்கப் போதும்.

பண்ணைக்கு 1 செ.மீ. மேலே கிழக்கு மேற்காக ஒரு மேட்டைக் குறியுங்கள். அதன் வடசரிவை லேசாக நிழலிடுங்கள். வெலிங்டன் தன் காலாட்படையில் பெரும்பகுதியை மறைத்து வைத்தது அந்தப் பின்சரிவில்தான். இந்த நிழல் இல்லாமல் நாளின் பாதி நிகழ்வுகள் புரியாது.

இன்றைய புகைப்படத்தைப் பார்த்து மேட்டை வரையாதீர்கள். 1820க்கும் 1826க்கும் இடையில் அங்கே சுமார் 40 மீட்டர் உயரத்தில் சிங்க நினைவுக் குன்றைக் கட்டியபோது, மேட்டின் மண்ணையே வெட்டி எடுத்தார்கள். வெலிங்டன் நின்ற தரை இப்போது அந்த வடிவில் இல்லை.

படி 2: இடது வலதைத் திசையாக மாற்றுங்கள்

புதியவர்கள் அதிகம் தடுமாறுவது இங்கேதான். நூல்களில் 'வலது அணி' என்றால் அந்தப் படை பார்த்து நிற்கும் திசையிலிருந்து வலது. வெலிங்டன் தெற்கே பார்த்து நிற்கிறார், எனவே அவருடைய வலது உங்கள் தாளில் இடப்பக்கம். நெப்போலியன் வடக்கே பார்க்கிறார், அவருடைய வலது தாளிலும் வலப்பக்கம். பிரஷ்யர்கள் பிரெஞ்சு வலது அணியைத் தாக்கினார்கள் என்று படித்தவுடன் ஓரத்தில் 'கிழக்கு' என்று எழுதிவிடுங்கள்.

படி 3: படைகளை அளவுப்படி வெட்டுங்கள்

இன்னொரு தாளில் நிறமடித்து, படைகளுக்குத் துண்டுகள் வெட்டுங்கள். பிரிட்டிஷாருக்குச் சிவப்பு, பிரெஞ்சுக்காரர்களுக்கு நீலம், பிரஷ்யர்களுக்குக் கருப்பு. 500 பேர் கொண்ட ஒரு பட்டாலியனை எடுத்துக்கொள்வோம். ஒரு வீரர் நிற்க ஏறக்குறைய 55 செ.மீ. அகலம் வேண்டும். பிரிட்டிஷார் இரண்டு வரிசையாக நின்றால் முன்பக்கம் 250 பேர், அதாவது சுமார் 140 மீட்டர். தாளில் 7 மி.மீ. துண்டு. பிரெஞ்சுக்காரர்கள் மூன்று வரிசை. அதே 500 பேருக்கு 90 மீட்டர்தான், 4.5 மி.மீ.

இப்போது பிரெஞ்சுத் தளபதி டெர்லோனின் படையில் இருந்த மார்கொன்யேயின் டிவிஷனை வையுங்கள். எட்டு பட்டாலியன்கள் ஒன்றன்பின் ஒன்றாக, மொத்தம் 24 வரிசை ஆழம். நாலாயிரம் பேர் வந்தாலும் துப்பாக்கியால் சுட முடிவது முன்வரிசைகளுக்கு மட்டும். மேட்டின் மேல் மெல்லிய சிவப்புத் துண்டு எப்படித் தாக்குப்பிடித்தது என்பது கண்ணெதிரே தெரியும்.

குதிரைப்படையை எதிர்க்கக் காலாட்படை அமைக்கும் சதுர வியூகத்தையும் கணக்கிட்டுப் பாருங்கள். நாலாபக்கமும் நான்கு வரிசை ஆழம் என்றால் 500 பேரின் சதுரத்துக்கு ஒரு பக்கம் வெறும் 17 மீட்டர்! பிரெஞ்சு மார்ஷல் நே அனுப்பிய ஆயிரக்கணக்கான குதிரைகள் இத்தகைய சின்னச் சதுரங்களைச் சுற்றித்தான் சுழன்றன. பயனெட் (துப்பாக்கி முனைக் கத்தி) வேலிமேல் குதிரை பாயாது.

இப்படி வரைபடத்தில் அளவுத் துண்டுகளை வைப்பது ஒரு காலத்தில் ராணுவ அதிகாரிகளின் மேசை விளையாட்டாகவே இருந்தது. பிரஷ்ய லெப்டினன்ட் ரைஸ்விட்ஸ் 1824இல் 1:8000 அளவு வரைபடமும் அளவுக் கட்டைகளும் பகடையும் கொண்டு அமைத்த கிரீக்ஸ்ஷ்பீல் (போர் விளையாட்டு) அது. அதைப் படை முழுவதற்கும் பரிந்துரைத்த முஃப்லிங், வாட்டர்லூவில் வெலிங்டன் பக்கத்திலேயே பிரஷ்யத் தொடர்பு அதிகாரியாக இருந்தவர்.

படி 4: நேரப் பட்டியல்

தாளின் பின்பக்கத்தில் மணிகளை எழுதுங்கள். சுமார் 11.30 ஹூகுமோன் தாக்குதல், 1.30 டெர்லோன் படை முன்னேற்றம், 4 மணி பிரெஞ்சுக் குதிரைப்படைத் தாக்குதல், 4.30 பிரஷ்யர் பிளான்சன்வா நோக்கி; 6 மணியளவில் லா ஹே சாந்த் வீழ்ச்சி; 7.30 நெப்போலியனின் பேரரசக் காவல்படைத் தாக்குதல். ஒவ்வொரு நூலிலும் அரைமணி நேரம் முன்பின் இருக்கும். அன்று யாருடைய கடிகாரமும் இன்னொருவருடையதோடு ஒத்துப்போகவில்லை, எனவே மணியை விட வரிசையைக் கவனியுங்கள். தொடக்கம் ஏன் தாமதம் என்றால் முந்தைய நாள் மழை. ஈரச் சேற்றில் பீரங்கிக் குண்டு குதித்து ஓடாமல் புதைந்துவிடும்.

படி 5: எண்களைச் சோதியுங்கள்

நெப்போலியனிடம் சுமார் 73,000 பேர், வெலிங்டனிடம் 68,000. மாலைக்குள் வந்துசேர்ந்த பிரஷ்யர் ஏறக்குறைய 50,000. ஒரு நூல் நேச நாட்டுப் படை 1,18,000 என்றால் பிரஷ்யரையும் கூட்டியிருக்கிறது. வாவ்ர் ஊரில் இருந்த பிரெஞ்சு மார்ஷல் குரூஷியின் 33,000 பேரைத் தாளுக்கு வெளியே எழுதி வையுங்கள். அன்று அவர்கள் வரவேயில்லை. இழப்பு எண்ணிக்கையில் காயமுற்றோரும் காணாமற்போனோரும் சேர்ந்திருப்பார்கள், அதை இறந்தோர் கணக்காக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

அடுத்து அமெரிக்க உள்நாட்டுப் போரின் கெட்டிஸ்பர்க் சண்டையைப் படிப்பவர்கள் 1863 ஜூலை 1, 2, 3 ஆகிய மூன்று நாட்களுக்கும் தனித்தனித் தாள் போடுங்கள். 1 செ.மீ.க்கு 400 மீட்டர் என்று வைத்துக்கொண்டால் போதும்.