அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பால் ஃபைனல் பார்ப்பது எப்படி: அத்தை சொல்லும் வழி

என் தம்பி மகன் மாஸ்டர்ஸ் படிக்க அட்லாண்டா வந்த வருஷம், டிவி முன்னால் உட்கார்ந்து பத்து நிமிஷத்தில் கேட்டான்: "அத்தை, ஓடுறாங்க, விழுறாங்க, எழுந்து நின்னு பேசுறாங்க. மறுபடி ஓடுறாங்க. இதுல என்ன இருக்கு?" நியாயமான கேள்விதான். ஜனவரியில் ஒரு திங்கட்கிழமை ராத்திரி நடக்கும் அந்த நேஷனல் சாம்பியன்ஷிப்புக்கு உங்களையும் யாராவது வீட்டுக்குக் கூப்பிடுவார்கள். அதற்கு முன்னால் ஒரு வாரயிறுதியை ஒதுக்கினால் போதும், நீங்களும் சோபாவை விட்டு எழுந்து கத்துவீர்கள்.

முதல் வேலை, பழைய ஃபைனல் ஒன்றை முழுசாகப் பார்ப்பது. ஹைலைட்ஸ் வேண்டாம். நான் போட்டுக்காட்டுவது 2018 ஜனவரி 8ஆம் தேதி அட்லாண்டாவின் மெர்சிடிஸ் பென்ஸ் ஸ்டேடியத்தில் நடந்த அலபாமா, ஜார்ஜியா மேட்ச். என் மூத்த மகள் ஏதென்ஸில் இருக்கும் ஜார்ஜியா பல்கலைக்கழகத்தில் படித்தவள், ஆக நாங்கள் எந்தக் கட்சி என்று சொல்லத் தேவையில்லை. அந்த மேட்ச் எங்களுக்கு இன்னும் வயிற்றெரிச்சல்தான். அப்புறம் 2022இல் அதே அலபாமாவை 33-18 என்றும், 2023இல் டிசியூவை (டெக்சாஸ் கிறிஸ்டியன் பல்கலைக்கழகம்) 65-7 என்றும் ஜெயித்துவிட்டோம், சரி. ஆனால் 65-7ஐப் பார்த்து யாரும் ஆட்டம் கற்றுக்கொள்ள முடியாது. தோற்ற மேட்ச்தான் பாடத்துக்கு லாயக்கு.

தெரிந்துகொள்ள வேண்டிய விதி ஒன்றே ஒன்றுதான். பந்து வைத்திருக்கும் அணிக்கு நான்கு வாய்ப்பு. அதற்குள் 10 யார்டு முன்னேற வேண்டும். ஒவ்வொரு வாய்ப்பும் ஒரு டவுன். 10 யார்டு கடந்தால் மறுபடி புதிதாக நான்கு கிடைக்கும், கடக்காவிட்டால் பந்து எதிரணிக்கு. அதனால் மூன்று டவுனிலும் வேலை நடக்கவில்லை என்றால் பெரும்பாலும் நான்காவதில் பந்தைத் தூர உதைத்துவிடுவார்கள், அது பன்ட். கிட்டே இருந்தால் கம்பத்துக்கு நடுவே உதைத்து 3 புள்ளி எடுப்பார்கள். அது ஃபீல்டு கோல். பந்தோடு கடைசிக் கோட்டைத் தாண்டிவிட்டால் டச் டவுன், 6 புள்ளி, கூடவே ஒரு உதைக்கு இன்னொரு புள்ளி. மிச்ச விதிகள் வரவர ஒட்டிக்கொள்ளும்.

இப்போது ஸ்கோரைப் பார்க்காதீர்கள், அதன் பக்கத்தில் இருப்பதைப் பாருங்கள். '3rd & 8' என்பதுபோல ஒன்று இருக்கும்: மூன்றாவது டவுன், இன்னும் 8 யார்டு வேண்டும். கிரிக்கெட் சேஸிங்கில் தேவையான ரன் ரேட்டைப் பார்த்துக்கொண்டே இருப்போமே, அதேதான் இது. மூன்றாவது டவுனில் 2 யார்டு என்றால் ஓடவும் செய்யலாம், எறியவும் செய்யலாம், எதிரணிக்குத் தெரியாது. 8 என்றால் எறியத்தான் போகிறார்கள் என்று மைதானத்தில் எல்லோருக்கும் தெரியும். திரையில் ஒரு மஞ்சள் கோடு தெரியும், அதுதான் எட்டவேண்டிய இடம். அது டிவிக்காரர்கள் போடுவது, புல்தரையில் அப்படி ஒரு கோடு கிடையாது. தம்பி மகன் ஸ்டேடியத்துக்குப் போனபோது அதைத் தேடினான்.

அடுத்து கண்ணை எங்கே வைப்பது. எல்லோரும் பந்தைத்தான் துரத்துவார்கள், ஆனால் பந்து கடைசியாகப் பார்க்க வேண்டியது. ஒவ்வொரு டவுனும் தொடங்கும் நொடியில், பந்து வைத்திருக்கும் அணியில் நடுவில் மோதிக்கொள்ளும் ஐந்து பெரிய ஆட்களைப் பாருங்கள். அவர்கள் முன்னால் தள்ளினால் ஓட்டம், பின்னால் நகர்ந்து நின்றால் எறிதல். அதைப் பிடித்துவிட்டால் பாதி ஆட்டம் புரிந்துவிடும். அப்புறம் பந்தை வாங்கி எறியும் குவார்ட்டர்பேக்கின் தலை எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது என்று பாருங்கள்.

இதற்காகத்தான் 2018. முதல் பாதி முடிவில் ஜார்ஜியா 13-0. அலபாமா பயிற்சியாளர் நிக் சேபன், முந்தைய வருஷமும் அணியை ஃபைனல் வரை கொண்டுவந்த குவார்ட்டர்பேக் ஜேலன் ஹர்ட்ஸை உட்கார வைத்துவிட்டு, துவா டாகோவைலோவா என்ற முதலாமாண்டு இடக்கைப் பையனை இறக்கினார். நான்காவது கால்பகுதியில் ஜார்ஜியா 20-13. நான்கு நிமிஷம்கூட மிச்சமில்லை. அலபாமாவுக்கு நான்காவது டவுன், 4 யார்டு. இங்கே வீடியோவை நிறுத்துங்கள். ஃபீல்டு கோல் அடித்தால் இன்னும் 4 புள்ளி பின்னால்தான் இருப்பார்கள். அதனால் எறிந்தார்கள், கால்வின் ரிட்லி பிடித்தார், 20-20. 'இப்போது என்ன செய்வார்கள்?' என்று நான்காவது டவுனில் ஒவ்வொரு முறையும் நீங்களே ஒரு முடிவு எடுத்துப் பாருங்கள். இந்த ஆட்டத்தின் ருசியே அதில்தான்.

கடைசி நொடியில் அலபாமா 36 யார்டு உதையைத் தவறவிட, ஓவர்டைம். ஜார்ஜியாவின் கிக்கர் ரோட்ரிகோ பிளாங்கன்ஷிப், மூக்குக்கண்ணாடி போட்டுக்கொண்டு ஆடுபவர், 51 யார்டிலிருந்து அடித்து 23-20 ஆக்கினார். எங்கள் தெருவே குரைத்தது. (ஜார்ஜியாவின் சின்னம் புல்டாக், குரைப்பது இங்கே மரியாதைதான்.) அலபாமாவின் முதல் டவுனில் டாகோவைலோவாவை 16 யார்டு பின்னால் தள்ளிச் சாய்த்தார்கள். இரண்டாவது டவுன், 26 யார்டு. அலபாமாக்காரர்கள் இன்றைக்கும் இந்த இரண்டு எண்ணைச் சொல்லியே எங்களைக் கிண்டலடிக்கிறார்கள்.

அந்த இரண்டாவது டவுனை மெதுவாக ஓட்டிப் பாருங்கள், குவார்ட்டர்பேக்கின் பின்னாலிருந்து எடுத்த ரீப்ளே இருந்தால் அதில். பந்து கைக்கு வந்ததும் அவர் வலப்பக்கம் பார்க்கிறார். பார்த்துக்கொண்டே நிற்கிறார். பின்னால் காவலுக்கு நிற்கும் சேஃப்டி அந்தப் பார்வையை நம்பி நடுவிலேயே தங்கிவிடுகிறார். அதற்குள் இடது ஓரத்தில் டிவான்டா ஸ்மித் தன்னைக் காவல் காத்த கார்னர்பேக்கைத் தாண்டிப் போய்விட்டார். தலையைத் திருப்பி ஒரே எறி, 41 யார்டு, டச் டவுன், 26-23. பந்தை மட்டும் பார்த்தவருக்கு அது ஒரு நீளமான எறி, அவ்வளவுதான். கண்ணால் ஒருவனைக் கட்டிப்போட்டதைப் பார்த்தவருக்குத்தான் அது எப்பேர்ப்பட்ட வேலை என்று தெரியும். (உட்கார வைக்கப்பட்ட ஹர்ட்ஸும் அந்தப் பந்தைப் பிடித்த ஸ்மித்தும் பிற்பாடு பிலடெல்பியா ஈகிள்ஸ் என்ற தொழில்முறை அணியில் சேர்ந்து ஆடி, 2025 சூப்பர் பௌல் ஃபைனலை ஜெயித்தார்கள்.)

பக்கத்தில் இருப்பவரை அசத்த ஒரு கணக்கு: பந்து எதிரணியின் கடைசிக் கோட்டிலிருந்து எத்தனை யார்டில் இருக்கிறதோ அதோடு 17ஐக் கூட்டினால் ஃபீல்டு கோலின் தூரம். கம்பம் அந்தக் கோட்டுக்கு 10 யார்டு பின்னால் இருக்கிறது, பந்தை ஏழெட்டு யார்டு பின்னால் வைத்து உதைக்கிறார்கள். ஸ்மித் பிடிக்காமல் 41லேயே நின்றிருந்தால் 58 யார்டு உதை. கல்லூரிப் பையன்களுக்கு அது ரொம்ப தூரம்.

இனி அந்த ராத்திரி. ஆட்டம் 60 நிமிஷம்தான், ஆனால் விளம்பரமும் நிறுத்தமும் சேர்ந்து ஏறக்குறைய நான்கு மணி நேரம் ஓடும். கிழக்குக் கரையில் நள்ளிரவாகிவிடும். செவ்வாய்க்கிழமை காலை எட்டு மணிக்கு மீட்டிங் வைத்துக்கொள்ளாதீர்கள். மிளகாய் பஜ்ஜி மாவை முன்னாலேயே கரைத்து வையுங்கள், ஆனால் எண்ணெயை இரண்டாவது கால்பகுதியின் கடைசியில்தான் காயவைக்க வேண்டும். இடைவேளை 20 நிமிஷத்துக்குக் குறையாது, இரண்டு ஈடு போட்டு எடுத்துவிடலாம். மசால் வடை வேண்டாம், தட்டித் தட்டிப் போடுவதற்குள் மூன்றாவது கால்பகுதி ஆரம்பித்துவிடும்.

நம் ஊர் இல்லையே என்று நடுநிலையாக உட்காராதீர்கள். ஏதாவது ஒரு பக்கம் சாய்ந்துவிடுங்கள், சட்டை நிறத்தைப் பார்த்தாவது. ஆனால் கூப்பிட்ட வீட்டுக்காரர் எந்தக் கல்லூரி என்று முதலில் விசாரித்துக்கொள்ளுங்கள். சந்தேகங்களை, விதிமீறலுக்கு நடுவர் வீசும் மஞ்சள் கொடி விழும்போது கேளுங்கள். அப்போது எல்லோருமே நடுவரைத் திட்டிக்கொண்டிருப்பார்கள், கூடவே விளக்கமும் கிடைக்கும். மூன்றாவது டவுனில் யாரிடமும் பேச்சுக் கொடுக்கக் கூடாது.

2018க்குப் பிறகு மாறியது சில உண்டு. அப்போது நான்கு அணிகள் மட்டும் பிளேஆஃபில் ஆடின. 2024 சீசனிலிருந்து பன்னிரண்டு. ஓவர்டைமில் இன்றும் எதிராளியின் 25ஆவது யார்டிலிருந்துதான் இரண்டு அணிக்கும் வாய்ப்பு. ஆனால் மூன்றாவது ஓவர்டைம் வந்துவிட்டால், ஆளுக்கு ஒரே ஒரு இரண்டு புள்ளி முயற்சி (கோட்டுக்குப் பக்கத்திலிருந்து ஒரே தடவையில் பந்தோடு கோட்டைத் தாண்டப் பார்ப்பது) என்று மாறிமாறிப் போகும். அப்படி வந்தால் அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்காருங்கள்.