கொலைக்கதை மோகத்தைப் பகடி செய்யும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

நிஜக் கொலைகளைப் பொழுதுபோக்காக்கி விற்கும் ட்ரூ கிரைம் மோகத்தைப் பகடி செய்து ஸ்கிட், குறும்படம் எழுதுகிறார்கள். எழுதத்தான் வேண்டும். ஆனால் அவற்றில் பல, எதைக் கிண்டல் செய்ய வந்தனவோ அதுவாகவே ஆகிவிடுகின்றன.

முக்கியமான தவறு, கொலைகாரனை நாயகனாக்குவது. நல்ல வசனமெல்லாம் அவனுக்கு. செத்தவருக்குப் பெயர்கூட இருக்காது. ஜெஃப்ரி டாமர் அமெரிக்காவில் 17 பேரைக் கொன்றவன். 2022-ல் நெட்ஃபிளிக்ஸில் அவனைப் பற்றிய தொடர் வந்ததும் ஹாலோவீனுக்கு டாமர் வேஷ உடைகள் விற்பனைக்கு வந்தன. இணைய விற்பனைத் தளமான ஈபே அவற்றை நீக்க வேண்டியதாயிற்று. பகடி போய் நிற்க வேண்டிய இடம் அந்த வியாபாரம்தான். அதை விட்டுவிட்டு டாமரையே இன்னொரு முறை மேடையேற்றினால், அதுவும் அந்தக் கடையில் இன்னொரு சரக்கு.

கேட்பவர்களை மட்டம் தட்டுவதும் தவறு. அமெரிக்காவில் கொலைக்கதை சொல்லும் பாட்காஸ்ட்களை, அதாவது இணைய ஒலித் தொடர்களை, ஆண்களைவிடப் பெண்களே அதிகம் கேட்கிறார்கள். உடனே 'வேலையற்ற பெண்கள்' என்று ஒரு நக்கல். ராத்திரி தனியாக வீடு திரும்பும் பெண்ணுக்கு இந்தக் கதைகளில் பயமும் இருக்கிறது, எச்சரிக்கையும் இருக்கிறது. அது புரியாமல் எழுதுவது வெறும் கேலி.

மிகைப்படுத்தவும் தேவையில்லை. பாட்காஸ்ட் நடத்துபவர்கள் பிணம் கிடைத்த இடத்தில் கதையை நிறுத்தி, குரலில் உற்சாகத்தை வரவழைத்து, மெத்தை விளம்பரம் படித்து அதற்குத் தள்ளுபடிக் குறியீடும் சொல்லிவிட்டு, அப்புறம் மறுபடி தணிந்த குரலில் பிணத்துக்குத் திரும்புகிறார்களே, அதை அப்படியே எழுதினாலே போதும்.

மோரீன் வாட்கின்ஸ் இந்தப் பகடியைச் சரியாகச் செய்தவர். 1924-ல் சிகாகோ ட்ரிப்யூன் நிருபராக, கொலைக் குற்றம் சாட்டப்பட்ட இரண்டு பெண்களின் வழக்குகளைப் பற்றி எழுதினார், இருவரும் விடுதலையானார்கள். அந்த வழக்குகளை வைத்து அவர் எழுதி 1926-ல் அரங்கேறிய 'சிகாகோ' நாடகம் வக்கீலையும் ஜூரியையும் மட்டுமல்ல, பத்திரிகைக்காரர்களையும் சேர்த்தே சாடியது. தன் தொழிலையே அவர் விட்டுவைக்கவில்லை. நம் பகடிகளில் பெரும்பாலும் இதுதான் இல்லை.

கடைசியாக, பெயரை மாற்றினால் போதும் என்று நினைக்காதீர்கள். ஊரும் வயதும் கொலை நடந்த விதமும் அப்படியே இருந்தால் அந்தக் குடும்பத்துக்குத் தெரிந்துவிடும். விவரங்களை முழுதாக மாற்றுங்கள். வழக்கு இன்னும் நடக்கிறது என்றால் அதைத் தொடவே வேண்டாம்.