‘ஓரிரு இடங்களில்’ என்றால் நம் வயலா? வானிலை அறிக்கையை வாசிக்க ஒரு கடைமடைக்காரரின் கணக்கு

2023 தை மாதம். நாலு ஏக்கரில் சி.ஆர். 1009 ரக நெல் முற்றி, கதிர் தலைசாய்ந்து நின்றது. தை 20-க்கு அறுவடை மெஷின் சொல்லி வைத்திருந்தேன். ஜனவரி 31 இரவு மெஷின்காரத் தம்பி போன் பண்ணினார். “அண்ணே, பக்கத்து வயல்லதான் ஓட்டிக்கிட்டிருக்கேன். ராத்திரியோட ராத்திரியா உங்களதையும் அறுத்துடவா?”

அன்று டிவியில் டெல்டா மாவட்டங்களில் ஓரிரு இடங்களில் கனமழை என்று ஓடிக்கொண்டிருந்தது. “ஓரிரு இடம்தானே தம்பி, அது நம்ம ஊராவா இருக்கப்போவுது? பனி ஈரம் வேற இருக்கு. சொன்ன தேதிக்கே வாங்க” என்றேன்.

பிப்ரவரி 2-ம் தேதி இலங்கையில் கரையைக் கடந்த தாழ்வு மண்டலம் போகிற போக்கில் எங்கள் பக்கமும் ஊற்றிவிட்டுப் போனது. நாகை மாவட்டம் தலைஞாயிறு பக்கத்தில் இருக்கும் என் வீட்டில் மழை அளக்க வைத்த டப்பாவில் இரண்டு நாளில் சேர்ந்தது 11 செ.மீ. பயிர் பாய் விரித்த மாதிரி படுத்துவிட்டது. டயர் மெஷின் வயலில் இறங்காது. பெல்ட் மெஷினுக்கு வாடகையும் கூட, வரிசையும் நீளம். ஆள் வந்து அறுப்பதற்குள் அடிக்கதிரில் வெள்ளையாக முளை விட்டிருந்தது.

அறிக்கை பொய் சொல்லவில்லை, நான்தான் வாசிக்கத் தெரியாமல் வாசித்தேன். அதன் பிறகு ஒவ்வொரு சொல்லுக்கும் என்ன அளவு என்று தேடிப் பிடித்து, உரக்கணக்கு எழுதும் நோட்டிலேயே பின்னட்டையில் எழுதி வைத்திருக்கிறேன். அதைத்தான் இங்கே சொல்கிறேன்.

முதலில் ஒரு பழக்கம். டிவி ஓட்டத்தையும் வாட்ஸ்அப்பில் சுற்றுவதையும் வைத்து முடிவெடுக்காதீர்கள். சென்னை மண்டல வானிலை ஆய்வு மையத்தின் தமிழ் அறிக்கையை அவர்கள் இணையதளத்திலேயே படியுங்கள். ஒரு பக்கம், மிஞ்சினால் இரண்டு பக்கம். செய்தியாக வரும்போது அதில் பாதிச் சொல் உதிர்ந்துவிடுகிறது. உதிர்வது பெரும்பாலும் நமக்கு வேண்டிய சொல்தான்.

எங்கே

‘ஓரிரு இடங்களில்’ என்பது மழையின் பலத்தைச் சொல்வதில்லை. வருமா வராதா என்பதையும் சொல்வதில்லை. பரப்பைச் சொல்கிறது. ஒரு பகுதியில் இருக்கும் மழைமானி நிலையங்களில் நூற்றுக்கு 25 வரை மழை பதிவானால் அது ஓரிரு இடங்கள். 26 முதல் 50 வரை என்றால் ஒருசில இடங்கள். 51 முதல் 75 வரை பல இடங்கள். இதையே அநேக இடங்கள் என்றும் எழுதுவார்கள். 76-க்கு மேல் போனால் பெரும்பாலான இடங்கள்.

ஆக, ‘ஓரிரு இடங்களில் மிக கனமழை’ என்றால், பெய்கிற இடத்தில் வெளுத்து வாங்கும், ஆனால் அந்த இடம் எது என்று யாராலும் விரல் வைத்துக் காட்ட முடியாது என்று பொருள். நாலில் ஒரு பங்குக்குள் என் வயல் விழாது என்று நானே தீர்ப்பு எழுதிக்கொண்டதுதான் அன்றைக்குச் செய்த தப்பு.

எவ்வளவு

இதுவும் அளந்து வைத்த சொற்கள்தான். எல்லாம் 24 மணி நேரக் கணக்கு. 2.5 மி.மீ. முதல் 15.5 மி.மீ. வரை லேசான மழை. 15.6 முதல் 64.4 வரை மிதமான மழை. 64.5-லிருந்து 115.5 வரை கனமழை. 115.6 முதல் 204.4 வரை மிக கனமழை. அதற்கு மேல் அதி கனமழை. செய்தியில் செ.மீ. என்று வரும், பத்தால் பெருக்கினால் மி.மீ.

நம்மை ஏமாற்றுகிற சொல் ‘மிதமான’தான். 6 செ.மீ. கொட்டினாலும் அறிக்கையின் கணக்கில் அது மிதமான மழையே. ஒரு ஏக்கரில் 1 செ.மீ. மழை என்றால் சுமார் 40,000 லிட்டர் தண்ணீர். அப்படியானால் 6 செ.மீ. என்பது 2 லட்சத்து 40 ஆயிரம் லிட்டர். 12,000 லிட்டர் பிடிக்கும் தண்ணீர் லாரி இருபது வந்து உங்கள் ஒரு ஏக்கரில் கவிழ்த்துவிட்டுப் போகிறது என்று நினைத்துக்கொள்ளுங்கள். காலையில் யூரியா போட்ட வயலுக்கு அதில் பாதி போதும், உரமெல்லாம் வடிகாலில் போய்விடும். ‘மிதமான’ என்று பார்த்தால் நான் உர மூட்டையைப் பிரிப்பதில்லை. ‘லேசான’ என்று மட்டும் இருந்தால் பிரிப்பேன்.

அளந்து பார்க்காமல் இந்த எண்கள் மனதில் நிற்காது. அதற்குப் பெரிய கருவி வேண்டாம். பக்கம் நேராக இருக்கும் டப்பா ஒன்று போதும். நான் வைத்திருப்பது பழைய பால் பவுடர் டின். கழுத்து குறுகினதோ அடி சிறுத்ததோ ஆகாது. கூரை நீர் சொட்டாத, மரக்கிளை இல்லாத வெட்டவெளியில் வைத்து, காற்றில் உருளாமல் சுற்றிலும் நாலு செங்கல் கொடுங்கள். காலை எட்டரைக்குப் பள்ளிக்கூட அடிமட்டத்தை உள்ளே நிறுத்தினால் எத்தனை மி.மீ. நனைகிறதோ அதுதான் மழை. ஒன்று கவனியுங்கள்: அடிமட்டத்தில் 0 கோடு நுனியில் இருக்காது, கொஞ்சம் தள்ளித்தான் தொடங்கும். முதல் வருஷம் முழுக்க நான் சில மி.மீ. குறைத்தே எழுதியிருக்கிறேன். பத்தாவது படிக்கும் மகள் பார்த்துச் சிரித்துவிட்டு, நுனியைக் கோடு வரைக்கும் நறுக்கிக் கொடுத்தாள்.

எட்டரை மணி ஏன்? வானிலைத் துறையின் மழை நாள் காலை 8.30 முதல் மறுநாள் காலை 8.30 வரை. இன்றிரவு பத்து மணிக்குப் பெய்தது நாளைய தேதியில்தான் பதிவாகும். ‘நேற்று ராத்திரி பெய்ததைக் காணோமே’ என்று டீக்கடையில் சண்டை போடுகிறவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள். அறிக்கையில் கடந்த 24 மணி நேரத்தில் எந்த ஊரில் எத்தனை செ.மீ. என்று பட்டியல் வரும். வேதாரண்யம், திருப்பூண்டி, தலைஞாயிறு அளவுகளை என் டப்பா அளவுக்குப் பக்கத்தில் எழுதி வருகிறேன். இரண்டு பருவம் எழுதினால் உங்கள் வயல் எந்த நிலையத்தோடு ஒத்துப்போகிறது என்று தெரிந்துவிடும்.

எவ்வளவு நிச்சயம்

செய்தியில் எல்லாமே ‘வாய்ப்புள்ளது’ ஆகிவிடுகிறது. வானிலைத் துறையின் ஆங்கில அறிக்கையில் இதற்கும் படிகள் உண்டு. வாய்ப்புக் குறைவு என்றால் 25 சதவீதத்துக்குக் கீழே, சாதாரண வாய்ப்பு 25 முதல் 50, அதிக வாய்ப்பு 50 முதல் 75, மிக அதிகம் என்றால் 75-க்கு மேல். வெறும் ‘வாய்ப்பு’ என்ற சொல் பாதிக்குப் பாதிகூட இல்லாத நிலையைக் குறிக்கலாம் என்று தெரிந்த நாளில் எனக்குக் கொஞ்சம் கோபமே வந்தது. அந்தப் படிகளைத் தமிழிலும் தெளிவாகப் பிரித்துக் கொடுத்தால் எவ்வளவு நன்றாக இருக்கும்.

நிறம் இன்னொரு சுருக்கெழுத்து. பச்சை, கவலை இல்லை. மஞ்சள், கவனித்துக்கொண்டிருங்கள். ஆரஞ்சு, தயாராகுங்கள். சிவப்பு, இறங்கிச் செயல்படுங்கள். மஞ்சள் வந்ததுமே மடையைப் போய்ப் பார்த்துவிடுவேன். எங்களுக்குத் தண்ணீர் வடிவது அரிச்சந்திரா நதியும் அடப்பாறும் கடலுக்குள் விடுவதைப் பொறுத்தது. கடல் ஏறி நிற்கும்போது அவையே வாங்காது. ஆரஞ்சு வரட்டும் என்று காத்திருந்தால், ஆற்றுப் பாசனத்தின் கடைசியில் இருக்கும் கடைமடைக்காரனுக்கு நேரம் போதாது. மேட்டு வயல்காரர்கள் என்னைப்போலப் பதற வேண்டியதில்லை.

தாழ்வுப் பகுதியும் தாழ்வு மண்டலமும்

பாதிப் பேர் இரண்டையும் ஒன்றென்று நினைக்கிறார்கள். இவை ஒரே ஏணியின் படிகள். காற்றின் வேகம் மணிக்கு 31 கிலோமீட்டருக்குக் கீழே இருக்கும்வரை காற்றழுத்தத் தாழ்வுப் பகுதி. 31 முதல் 49 வரை தாழ்வு மண்டலம். 50 முதல் 61 வரை ஆழ்ந்த தாழ்வு மண்டலம். 62-ஐத் தொட்டால்தான் புயல், அப்போதுதான் பெயரும் வைப்பார்கள். 89-ல் தீவிர புயல்.

நன்றாகப் பாருங்கள், இது காற்றின் ஏணி. மழைக்கும் இதற்கும் ஒப்பந்தம் எதுவும் இல்லை. 2023 டிசம்பர் 17, 18-ல் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 செ.மீ. கொட்டியதே, அப்போது புயலும் கிடையாது, மண்டலமும் கிடையாது. குமரிக்கடல் பக்கம் நிலவிய ஒரு வளிமண்டலச் சுழற்சிதான். 2015 டிசம்பர் தொடக்கத்தில் தாம்பரத்தில் 49 செ.மீ. பெய்தபோதும் பெயர் சூட்டிய புயல் எதுவும் இல்லை. 2018 நவம்பர் 16 அதிகாலை கஜா வந்தபோது வேதாரண்யம் பக்கம் தென்னையையும் மாவையும் சாய்த்தது காற்று. ஆகவே ‘புயல் இல்லையாம்’ என்று கேட்டதும் மூச்சு விடாதீர்கள். மழை அளவு வரியைத் தனியாகப் படியுங்கள். ‘கிழக்கு திசைக் காற்றின் வேக மாறுபாடு காரணமாக’ என்று மந்தமாக ஒரு வரி வருமே, கடலோரத்தில் விடியற்காலை மழை பலமுறை அந்த வரியோடுதான் வருகிறது.

துறைமுகக் கூண்டு எண்ணையும் அப்படித்தான் தப்பாகப் படிக்கிறார்கள். நாகையில் 1-ம் எண் ஏற்றினால் தொலைவில் ஏதோ உருவாகியிருக்கிறது என்ற அளவுதான். 11-ம் எண் என்றால் பத்தைவிடப் பெரிய புயல் என்றில்லை, எச்சரிக்கை மையத்தோடு தகவல் தொடர்பே அறுந்துவிட்டது என்று அர்த்தம்.

தை பிறந்த பிறகு

வானிலைத் துறைக்கு அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்குப் பருவமழைக் காலம். தமிழ்நாட்டுக்கு இயல்பு சுமார் 44 செ.மீ. இயல்பிலிருந்து 19 சதவீதம் கூடினாலும் குறைந்தாலும் அதை இயல்பு என்றே எழுதுவார்கள். ஜனவரி, பிப்ரவரி அவர்கள் ஏட்டில் குளிர்காலம். நமக்கோ அதுதான் சம்பா அறுவடை. ‘பருவமழை விலகியது’ என்ற அறிவிப்பை மழை முடிந்தது என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. என் நெல்லை முளைக்க வைத்த மழை அந்த அறிவிப்புக்குப் பிறகு வந்ததுதான்.

குளிர்கால அறிக்கை பார்க்கச் சப்பென்று இருக்கும். ‘வறண்ட வானிலை நிலவும், அதிகாலை வேளையில் லேசான பனிமூட்டம் காணப்படும், வானம் ஓரளவு மேகமூட்டத்துடன் காணப்படும்.’ இதிலும் கணக்கு இருக்கிறது. வானத்தை எட்டுப் பங்காகப் பிரித்து, மூன்று நான்கு பங்கு மேகம் மூடினால் ‘ஓரளவு’, ஐந்து முதல் ஏழு பங்கு மூடினால் ‘பொதுவாக’ மேகமூட்டம். களத்தில் நெல் காயப்போட ‘ஓரளவு’ பரவாயில்லை. ‘பொதுவாக’ என்றால் அன்றைக்கு ஈரப்பதம் 17 சதவீதத்துக்கு இறங்காது, கொள்முதல் நிலையத்தில் மூட்டையோடு திரும்பி வர வேண்டியிருக்கும். பனிமூட்டம் என்று தொடர்ந்து நாலு நாள் வந்தால், பால் பிடிக்கும் பருவத்துப் பயிரில் குலை நோய் பார்க்கப் போய்விடுங்கள். அறுப்பு என்றால் மெஷினைப் பத்து மணிக்குமேல் வரச் சொல்லுங்கள், பனி உலரட்டும்.

இனி, எந்த அறிக்கையை எதற்குப் பார்ப்பது என்று. அறுவடைத் தேதிக்கு ஐந்து நாள் முன்னறிவிப்பு. உரம், மருந்துக்கு இன்றைய, நாளைய வரிகள் மட்டும். வேளாண் வானிலை அறிக்கை செவ்வாய், வெள்ளி இரண்டு நாளும் வரும். மேகதூத் செயலியிலும் கிடைக்கும். ஐந்தாம் நாளைவிட முதல் நாளை நம்பலாம் என்பதால், மெஷின்காரரிடம் ஒரு தேதி சொல்லிவிட்டுச் சும்மா இருக்காமல், தினமும் மதியம் அறிக்கை பார்த்து மாலையில் நானே ஒரு போன் போடுகிறேன். அந்தத் தம்பி இப்போதெல்லாம் எடுத்ததுமே, “அண்ணே, இன்னைக்கு எத்தனை இடத்துல?” என்றுதான் கேட்கிறார்.

நெல்லைக் கொட்டிவிட்டு முறைக்காகக் கொள்முதல் நிலையத்தில் காத்திருக்கும் இரவுகளுக்கு இரண்டு விஷயம் போதும். ஒன்று, ‘அடுத்த 3 மணி நேரத்தில்’ என்று வரும் அறிவிப்பு. இன்னொன்று காரைக்கால் ரேடார் படம். கடல் பக்கமிருந்து மஞ்சளும் சிவப்புமாகத் திட்டு கரையை நோக்கி வருகிறதா என்று பத்து நிமிஷ இடைவெளியில் இரண்டு படம் பார்த்தால் போதும், வருகிற வேகம் பிடிபட்டுவிடும். வருகிறது என்றால் முதலில் குவியலைச் சுற்றி மண்வெட்டியால் ஒரு சாண் ஆழத்துக்கு வாய்க்கால் கீறுங்கள், அப்புறம் தார்ப்பாய். எல்லோரும் மேலே மூடிவிட்டு நிம்மதியாகப் படுத்துவிடுகிறார்கள். நெல் நனைவது பெரும்பாலும் அடியிலிருந்துதான்.